தடித்த எழுத்தில் ஆறு எண்கள்

ஆனிச்சாரல் விட்டுவிட்டுப் பெய்துகொண்டிருந்த ஒரு சாயங்காலம், பக்கத்து வீட்டு அக்கா இரண்டு தாள்களை நனையாமல் சேலைத் தலைப்புக்குள் பொத்திக்கொண்டு வந்தாள்.

"இதைக் கொஞ்சம் பாரு மக்கா. ஆறு எடத்துல தடிச்ச எழுத்துல போட்டிருக்கு. அப்போ ஆறு சீக்கா இதுக்கு?"

ரிப்போர்ட் அவள் பூனை செவலையுடையது. ஐந்து வயதுக் கடுவன், குட்டியிலேயே அறுவை செய்தது. நாலு கிலோ இருந்தது மூன்று அறுநூறுக்கு இறங்கியிருந்தது. மூன்று நாளாகச் சாளைத் தலையை முகர்ந்துவிட்டு விலகிப் போகிறதாம். இரண்டு முறை வாந்தி. காதின் உட்புறம் மஞ்சள் பூசினாற்போல் இருக்கவே, நாகர்கோவிலில் டாக்டரிடம் தூக்கிக்கொண்டு போயிருக்கிறாள். நான் டாக்டரில்லை. இருபது வருஷமாகப் பூனைகளோடு இப்படிக் காத்திருப்பு பெஞ்சுகளில் உட்கார்ந்து உட்கார்ந்து, தாளை வாசிக்கப் பழகியவன், அவ்வளவே. கட்டன்சாயா இரண்டு கிளாஸ் போட்டுவிட்டு உட்கார்ந்தோம்.

முதலில் அந்தத் தடித்த எழுத்து. தாளின் வலது ஓரத்தில் 'நார்மல்' என்று ஓர் எல்லை அச்சடித்திருப்பார்கள். நல்ல ஆரோக்கியமான பூனைகள் பலவற்றின் ரத்தத்தைப் பார்த்து, உச்சியில் இரண்டரை சதவீதத்தையும் அடியில் இரண்டரை சதவீதத்தையும் தள்ளிவிட்டு வரைந்த கோடு அது. அதாவது, நோய்நொடி இல்லாத நூறு பூனைகளில் ஐந்து எப்படியும் கோட்டுக்கு வெளியேதான் நிற்கும். ஒன்றோடொன்று தொடர்பில்லாத இருபது சோதனைகள் செய்தால், கல்லுப்போல இருக்கிற பூனைக்கும் ஏதாவது ஒன்று தடித்த எழுத்தில் வர 64 சதவீத வாய்ப்பு உண்டு. கணக்கு அப்படி. கம்ப்யூட்டர் கோட்டைத் தாண்டியதைத் தடிமனாக்கும். ஏன் தாண்டியது என்று அதற்குத் தெரியாது.

"சுகர் 248," என்றாள் அக்கா. அவள் வீட்டுக்காரருக்கு இருபது வருஷச் சர்க்கரை. அந்த எண் அவளுக்குக் குலைநடுக்கம்.

"ஆஸ்பத்திரிக்கு எப்படிக் கொண்டுபோனீங்க?"

"பிளாஸ்டிக் கூடையில, ஆட்டோவுல. அங்க ஒரு நாய் வேற குரைச்சிட்டே கெடந்து."

பூனைக்குச் சுகர் ஏறக்குறைய 70-லிருந்து 150 வரை இருக்கலாம். பயந்த பூனைக்கு 300-ஐக்கூடத் தொடும். பயத்தில் சுரக்கும் அட்ரினலின் கல்லீரலில் சேர்த்து வைத்திருக்கும் சர்க்கரையை ரத்தத்தில் கொட்டவைக்கும்; அது இறங்கச் சில மணி நேரமாகும். நாயைவிடப் பூனையிடம் இது அதிகம். சந்தேகம் தீரவேண்டுமென்றால் ஃபிரக்டோசமின் என்றொரு சோதனை இருக்கிறது. மனிதருக்கு மூன்று மாதச் சராசரி பார்ப்பதுபோல், பூனைக்குக் கடந்த ஒன்றிரண்டு வாரச் சராசரியை அது காட்டிவிடும். ஆட்டோவும் நாயும் அந்தக் கணக்கில் வராது.

அடுத்தது பிளேட்லெட், 58 ஆயிரம். "டெங்குவா?" என்றாள். நம் ஊரில் பிளேட்லெட் என்றாலே டெங்குதான். ஆனால் பூனையின் பிளேட்லெட்டுகளுக்கு ஊசி குத்தியதுமே திராட்சைக்குலை போல ஒட்டிக்கொள்ளும் குணம். போதாததற்கு, பூனையின் சிவப்பணு சிறிது, பிளேட்லெட் பெரிது. உருவத்தை வைத்து எண்ணுகிற இயந்திரம் இரண்டையும் குழப்பிக்கொள்ளும். ஒரு சொட்டைக் கண்ணாடித் தகட்டில் தேய்த்து, நுண்ணோக்கியில் ஒரு மனிதர் பார்த்தால் அரை நிமிடத்தில் உண்மை தெரியும். செவலையின் தாளில் அடியில் பேனாவால் டாக்டர் எழுதியிருந்தார்: 'கொத்துகள் உள்ளன, எண்ணிக்கை போதுமானது.' கம்ப்யூட்டர் அச்சடித்த இரண்டு பக்கத்தைவிட அந்தக் கையெழுத்து எனக்குப் பெரிதாகப் பட்டது.

மூன்றாவது எண்ணில் அக்காவின் விரல் நடுங்கியது. கிரியாட்டினின் 2.3. மனிதருக்கு 1.2 தாண்டினாலே நாம் நெஞ்சைப் பிடிப்போம்.

கிரியாட்டினின் என்பது தசையிலிருந்து வரும் கழிவு. சிறுநீரகம் அதை வெளியேற்றும். இதில் ஒரு சங்கடம், சிறுநீரகத்தின் வேலைத்திறனில் ஏறத்தாழ முக்கால் பங்கு போன பிறகுதான் இந்த எண் கோட்டைத் தாண்டும். வயதாகித் தசை வற்றிய பூனைக்கு அப்போதுகூடத் தாண்டாமல் ஏமாற்றும். எஸ்டிஎம்ஏ என்ற புதிய சோதனை இன்னும் முன்னதாகவே எச்சரிக்கும். சரி, உயர்ந்துவிட்டதென்றால் சிறுநீரகம் கெட்டுவிட்டது என்றுதான் பொருளா?

கடைமடையில் பயிர் வாடிக் கிடக்கிறது என்று வையுங்கள். பேச்சிப்பாறை அணையில் தண்ணீர் திறக்காமல் இருக்கலாம். வயலே உவர் பாய்ந்து கெட்டிருக்கலாம். வடிகால் அடைத்துத் தண்ணீர் தேங்கி வேர் அழுகியிருக்கலாம். தூரத்தில் நின்று பார்த்தால் மூன்றும் ஒரே வாட்டம். சிறுநீரகத்துக்கும் இதே மூன்று வழிதான். வாந்தியும் பட்டினியுமாக உடம்பில் நீர் வற்றினால் சிறுநீரகத்துக்கு ரத்தம் போதுமான அளவு போகாது, கழிவு தேங்கும். சிறுநீரகமே பழுதாகலாம். கடுவன் பூனைக்கு மூத்திரப்பாதை அடைத்துக்கொள்ளலாம். கடைசியாகச் சொன்னதுதான் ராத்திரியோடு ராத்திரியாக ஓடவேண்டியது: கிரியாட்டினினோடு பொட்டாசியமும் ஏறி, இதயத்தை நிறுத்திவிடும். கடுவன் மண்ணில் முக்கி முக்கி உட்கார்ந்து ஒரு சொட்டும் வரவில்லையென்றால், மலச்சிக்கல் என்று விளக்கெண்ணெய் தேடிக்கொண்டிருக்கக் கூடாது. செவலை நன்றாகவே பெய்கிறது என்றாள் அக்கா. ஒரு வழி கழிந்தது.

மற்ற இரண்டில் எது என்று ரத்தம் மட்டும் சொல்லாது, மூத்திரம் சொல்லும். பூனை பாலைநிலத்துக் காட்டுப்பூனையின் வாரிசு. தண்ணீரைச் சேமிக்க மூத்திரத்தைக் கெட்டியாக்கும் திறமை அதன் சிறுநீரகத்துக்கு உண்டு. நீர் வற்றிய நேரத்தில் மூத்திரத்தின் அடர்த்தி 1.035-க்கு மேல் இருந்தால் சிறுநீரகம் தன் வேலையைச் செய்கிறது என்று பொருள். நீர் வற்றியும் மூத்திரம் வெறும் தண்ணீராகப் போனால்தான் கவலை. ஐரிஸ் என்ற பன்னாட்டுக் குழு 1.6-லிருந்து 2.8 வரையிலான கிரியாட்டினினை நாள்பட்ட சிறுநீரக நோயின் இரண்டாம் நிலை என்று வகுத்திருக்கிறது. ஆனால் அதுகூட நீர்ச்சத்து சீரான பிறகு பார்க்கச் சொல்கிற கணக்கு. காய்ந்த பூனையின் மேல் அந்த அட்டவணையை வைத்துப் பார்த்துப் பயப்படக் கூடாது.

"மூத்திரத்தை எப்படிப் பிடிக்க? கிண்ணத்தைத் தூக்கிட்டுப் பின்னால நடக்கவா?"

மண் போடாத காலித் தட்டில் சில பூனைகள் போகும். இல்லையென்றால் டாக்டரே ஸ்கேன் பார்த்துக்கொண்டு வயிற்றுவழி மெல்லிய ஊசியால் எடுத்துவிடுவார். கேட்கத்தான் பயமாக இருக்கும். பூனை அவ்வளவாகப் பொருட்படுத்தாது.

இனி எஸ்ஜிபிடி 312, பிலிருபின் 2.1. எனக்கு உறைத்தது இவைதான். எஸ்ஜிபிடி கல்லீரல் செல்லுக்குள் இருக்கவேண்டிய நொதி. செல் காயப்பட்டால் வெளியே கசியும். கசிவு இருக்கிறது என்று சொல்லுமே தவிர, கல்லீரல் வேலை செய்கிறதா என்று சொல்லாது. பூனையின் ரத்தத்தில் இந்த நொதிகள் அதிக நேரம் தங்குவதில்லை. கூட இருக்கும் ஆல்கலைன் பாஸ்படேஸ் நாய் ரத்தத்தில் பாதியாகக் குறைய மூன்று நாள் ஆகும்; பூனையில் ஆறு மணி நேரம். ஆகவே பூனையில் கொஞ்சம் உயர்ந்திருந்தாலும் அது பழைய கதையல்ல, இன்று நடப்பது.

மஞ்சள் நிறம் பிலிருபினுடையது. சிவப்பணு உடைந்தாலும் வரும், கல்லீரல் கெட்டாலும் வரும், பித்தக்குழாய் அடைத்தாலும் வரும். டாக்டர் ஏன் "காய்ச்சல் மாத்திரை ஏதாவது கொடுத்தீங்களா, உள்ளி போட்ட குழம்பு ஊத்தினீங்களா" என்று துருவினார் என்பது இப்போது அக்காவுக்குப் புரிந்தது. பூனையின் ஹீமோகுளோபின் எளிதில் கெடும் வகை. உள்ளி, பூண்டு, பாராசிட்டமால் எல்லாம் அதைக் குலைத்துச் சிவப்பணுவை உடைக்கும். பாராசிட்டமாலை முறித்து வெளியேற்றும் நொதி பூனைக்குச் சரியாக அமையவே இல்லை. இதை நான் புத்தகத்தில் படித்துத் தெரிந்துகொண்டிருக்கலாம். ஒரு மழைக்காலத்தில், உடம்பு சுடுகிறதே என்று வீட்டுப் பூனைக்கு அரை மாத்திரையைப் பாலில் கரைத்துக் கொடுத்தேன். மறுநாள் முகம் வீங்கி, ஈறு சாக்லேட் நிறமாகிவிட்டது. டாக்டர் எடுத்த ரத்தமும் அதே நிறம். நாலு கிலோப் பூனையின் உடம்பில் மொத்தமே கால் லிட்டர் ரத்தம், அக்காவும் நானும் குடித்த இரண்டு கிளாஸ் சாயா அளவு. அந்தப் பூனையைக் காப்பாற்ற முடியவில்லை.

செவலைக்கு ரத்தத்தில் சிவப்பணுவின் கன அளவு 31 சதவீதம். தேறும். சிவப்பணு உடையவில்லை. ஆக, கல்லீரல் அல்லது பித்தக்குழாய். இங்கே இன்னொன்றையும் அக்காவிடம் அழுத்திச் சொன்னேன். ரெண்டு நாள் பட்டினி கிடந்தால் வயிறு சரியாகும் என்பது மனிதருக்குச் சொன்னது. பூனை சாப்பிடாமல் கிடந்தால் உடம்புக் கொழுப்பு கல்லீரலில் போய் அப்பிக்கொள்ளும். கொழுத்த பூனைக்கு இன்னும் வேகமாக. முதல் நோய் எதுவானாலும் பட்டினி இரண்டாவது நோயை உண்டாக்கிவிடும். ஊசிக்குழாயில் கஞ்சிப்பதமாகக் கோழிக்கறி அரைத்தாவது உள்ளே போகவேண்டும்.

குடல் கொரோனா வைரஸ் வழி வரும் எஃப்ஐபி என்ற நோயிலும் பூனை மஞ்சளாகும். அதற்கு ஆல்புமின்–குளோபுலின் விகிதத்தைப் பார்ப்பார்கள்: 0.4-க்குக் கீழே போனால் சந்தேகம் வலுக்கும், 0.8-க்கு மேலே என்றால் பெரும்பாலும் இல்லை. செவலைக்கு 0.9. அந்த நோய்கூட இப்போது முன்புபோல் தூக்குத்தண்டனை அல்ல. கலிஃபோர்னியாவில் டேவிஸ் பல்கலைக்கழகத்தின் நீல்ஸ் பெடர்சன் குழு 2019-ல் ஜிஎஸ்-441524 என்ற மருந்தை 31 பூனைகளுக்குக் கொடுத்ததில் 25 நெடுநாள் தாக்குப்பிடித்தன.

மிச்சமிருந்தது ஆறாவது எண். இயோசினோஃபில் 16 சதவீதம். தனியாகப் பார்த்தால் தெள்ளுக்கடிக்குக்கூட ஏறும் வெள்ளணு, யாரும் சட்டை செய்யமாட்டார்கள். ஆனால் மஞ்சளோடும் எஸ்ஜிபிடியோடும் சேர்ந்து நின்றதால் கேட்டேன்:

"பல்லி பிடிக்குமா?"

"சுவத்துல ஒண்ணு விடாது. அரணையும் தின்னும்."

பிளாட்டினோசோமம் என்று ஒரு தட்டைப்புழு. அரை சென்டிமீட்டர்தான் இருக்கும். பூனையின் பித்தக்குழாயில் குடியிருக்கும். அதன் முட்டை பூனையின் மலத்தோடு மண்ணுக்குப் போகும். ஈரத்தில் திரியும் சின்ன நத்தை அதைத் தின்னும். அங்கிருந்து, பூந்தொட்டிக்கு அடியில் தொட்டால் சுருண்டுகொள்ளுமே சாம்பல்நிறப் பூச்சி, அதற்குள் போகும். பூச்சியைப் பல்லி தின்னும், பல்லியைப் பூனை தின்னும். வருஷத்தில் இரண்டு மழைக்காலம் உள்ள நம் ஊர்க் கொல்லையில் இந்தச் சங்கிலி அறுபட ஒரு காரணமும் இல்லை. மேல்நாட்டில் இதற்குப் பல்லி விஷம் என்றே பேச்சுவழக்குப் பெயர். பல்லிக்கு விஷமில்லை என்று பள்ளிக்கூடத்தில் படித்துவிட்டு நம் பாட்டிமாரைக் கேலி செய்தவன் நான். பூனை விஷயத்தில் அவர்களுக்குப் பாதி மார்க் கொடுக்கவேண்டியிருக்கிறது.

மறுநாள் டாக்டரிடம் அக்கா பல்லிக் கதையைச் சொன்னாள். அவரும் அதையேதான் நினைத்திருந்தார். மூத்திர அடர்த்தி 1.048. இரண்டு நாள் டிரிப் ஏறியதும் கிரியாட்டினின் 1.5, சுகர் 118. ஆறில் மூன்று தானாக உதிர்ந்தன. எஸ்ஜிபிடி மட்டும் அசையவில்லை.

மலத்தை மிதக்கவைத்துப் பார்க்கும் வழக்கமான சோதனையில் இந்த முட்டை பெரும்பாலும் சிக்காது. அடியில் படியவைத்துப் பார்க்கவேண்டும். அக்கா செவலையின் மலத்தை ஒரு பழைய ஜவ்வாதுச் சிமிழில் அடைத்து, அதை ஐஸ் வைத்த சம்புடத்துக்குள் போட்டு, பஸ்ஸில் எண்பது கிலோமீட்டர் போய்த் திருநெல்வேலி ராமையன்பட்டிக் கால்நடை மருத்துவக் கல்லூரியில் கொடுத்தாள். அந்தக் கல்லூரி 2012-ல் வந்தது. அதற்கு முன் தமிழ்நாட்டுக்குள் நமக்குப் பக்கத்துக் கால்நடைக் கல்லூரி என்றால் நாமக்கல். முதல் மாதிரியில் ஒன்றும் இல்லை. பித்தக்குழாய் அடைத்திருந்தால் முட்டை இறங்காது என்பதால் மூன்று நாள் கழித்து இன்னொன்று கேட்டார்கள். அதில் பழுப்பு நிறத்தில், மூடி வைத்த சின்னஞ்சிறு முட்டைகள்.

மருந்து பிராசிகுவான்டெல். குடற்புழுவுக்குக் கொடுப்பதைவிட அளவு அதிகம், தொடர்ந்து சில நாள். மூன்று வாரம் கழித்து எஸ்ஜிபிடி 96. காது பழைய ரோஸ் நிறத்துக்கு வந்தது.

தாளை மடித்துக்கொண்டே அக்கா கேட்டாள்: "இனி பல்லி தின்னாம எப்படிப் பாத்துக்க?"

அவள் வீடு ஓட்டு வீடு. சாயங்காலம் விளக்குப் போட்டதும் சுவரில் எட்டுப் பல்லியாவது இறங்கும். டாக்டர் மூன்று மாதத்துக்கொருமுறை மாத்திரைக்கு எழுதிக் கொடுத்திருக்கிறார்; அக்கா காலண்டரில் ஆவணி, கார்த்திகை, மாசி என்று வட்டம் போட்டு வைத்திருக்கிறாள்.