சூடானில் ரயில்வே ஊரில் வளர்ந்த கட்சி

அராபிய நாடுகளில் கம்யூனிஸ்ட் கட்சிகள் இருந்தன என்றால், வளைகுடாவில் வேலை பார்த்துத் திரும்பிய நம்மவர்களே நம்பத் தயங்குவார்கள். ஆனால் சிரியா-லெபனானில் 1924-லும், ஈராக்கில் 1934-லும் கட்சி தோன்றிவிட்டது. ஈராக் கட்சித் தலைவர் பஹத் 1949-ல் பாக்தாத் நகரில் தூக்கிலிடப்பட்டார். இவற்றில் தொழிற்சங்க பலம் மிகுந்த கட்சி என்று சூடான் கட்சியைச் சொல்லலாம். அந்த பலம் ஒரு ரயில்வே ஊரிலிருந்து வந்தது.

அட்பரா என்பது அந்த ஊர். தலைநகர் கார்ட்டூமுக்கு வடக்கே, அட்பரா ஆறு நைல் நதியில் கலக்கும் இடம். சூடானைப் பிடிக்கப் படையெடுத்த பிரிட்டிஷார் பாலைவனத்தில் போட்ட பாதை 1898-ல் இங்கு வந்தது. பின்னர் ரயில்வேயின் தலைமையகமும் பட்டறைகளும் இங்கேயே அமைந்தன. பட்டறைச் சங்கு ஊதினால்தான் ஊர் விழிக்கும் என்ற வாழ்க்கையை மாதுங்கா, பரேல் பட்டறைக்காரர்களுக்கு விளக்க வேண்டியதில்லை.

1946-ல் இரண்டு காரியங்கள் நடந்தன. கம்யூனிஸ்ட் இயக்கம் தொடங்கியது. அட்பராவில் ரயில்வேத் தொழிலாளிகள் சங்கம் அமைத்தார்கள். மறு ஆண்டு அங்கீகாரம் கேட்டு ஊர்வலம் போனவர்களைப் போலீஸ் தடுத்தது. தலைவர்கள் கைதானார்கள். உடனே வேலைநிறுத்தம். சர்க்கார் இறங்கிவந்து சங்கத்தை அங்கீகரித்தது. 1948-ல் சம்பள உயர்வுக்காக மீண்டும் 33 நாட்கள் ரயில் ஓடவில்லை. பஞ்சு துறைமுகத்துக்குப் போவதே ரயிலில்தான் என்ற நாட்டில் அதன் பொருள் என்ன என்பது வெள்ளைக்கார அதிகாரிகளுக்கு நன்றாகவே புரிந்தது. அதே ஆண்டு தொழிற்சங்கச் சட்டம் வந்தது.

இந்த ரயில்வே இயக்கத்தில் வளர்ந்தவர் ஷாபி அகமது அல் ஷேக். நாடு முழுவதற்குமான தொழிற்சங்க சம்மேளனத்தின் பொதுச் செயலாளரானார். லெனின் சமாதானப் பரிசும் பெற்றார். அவர் மனைவி பாத்திமா அகமது இப்ராஹிம் 1965-ல் சூடான் பாராளுமன்றத்துக்குத் தேர்ந்தெடுக்கப்பட்ட முதல் பெண். 1964 அக்டோபரில் பொது வேலைநிறுத்தத்தால் ராணுவ ஆட்சி விழுந்ததை அடுத்து வந்த தேர்தல் அது. பட்டதாரிகளுக்கான 15 தொகுதிகளில் 11 கட்சிக்குக் கிடைத்தன. ஆண்டு முடிவதற்குள் கட்சி தடை செய்யப்பட்டு, அதன் உறுப்பினர்கள் சபையிலிருந்து வெளியேற்றப்பட்டார்கள்.

1969 மே 25-ல் கர்னல் நிமேரி ஆட்சியைப் பிடித்தார். சோஷலிசம் பேசினார், கம்யூனிஸ்டுகளை மந்திரிகளாக்கினார். கட்சியின் பொதுச் செயலாளர் அப்துல் காலிக் மஹ்ஜூப்புக்கு இதில் முழு நம்பிக்கை இல்லை. மக்களைத் திரட்டாமல் துப்பாக்கியால் பிடிக்கும் ஆட்சி எவ்வளவு நாள் நம்முடையதாக இருக்கும் என்பது அவர் தரப்பின் கேள்வி. நிமேரியோடு போக விரும்பியவர்கள் 1970-ல் கட்சியைப் பிளந்தார்கள். அவர் கேள்வி சரியானதுதான் என்பது என் கருத்து. இருந்தும் விதி விளையாடியது.

1971 ஜூலை 19-ல் கட்சிக்கு வேண்டிய ராணுவ அதிகாரி மேஜர் ஹாஷிம் அல் அத்தா நிமேரியைச் சிறைப்பிடித்தார். ஆட்சி மூன்றே நாள். லண்டனிலிருந்து புதிய தலைவர்கள் பாபிகர் அல் நூரும் பாருக் ஹம்தல்லாவும் வந்துகொண்டிருந்த பிரிட்டிஷ் விமானத்தை லிபியா தரையிறக்கி, இருவரையும் பிடித்து, மீண்டும் பதவிக்கு வந்த நிமேரியிடம் ஒப்படைத்தது. இருவரும் சுட்டுக் கொல்லப்பட்டனர். அந்த வாரத்திலேயே ஷாபி, தென் சூடான் மந்திரியாயிருந்த ஜோசப் கராங், மஹ்ஜூப் ஆகியோர் தூக்கிலிடப்பட்டார்கள். கணவரை இழந்த பாத்திமா வீட்டுக் காவலில் வைக்கப்பட்டார். அவர் 2017 வரை வாழ்ந்தார்.

கட்சி தலைமறைவில் பிழைத்தது. ரயில்வேக்காரர்களையும் நிமேரி விட்டுவைக்கவில்லை. 1981-ல் வேலைநிறுத்தம் செய்தவர்களை ஆயிரக்கணக்கில் வீட்டுக்கு அனுப்பினார். 1985-ல் அவரே போக வேண்டியதாயிற்று. 1989-ல் வந்த பஷீர் ஆட்சியில் சங்கங்கள் கலைக்கப்பட்டன. பல பாதைகள் பராமரிப்பின்றிக் கிடந்தன.

2018 டிசம்பரில் ரொட்டி விலை ஏறியபோது அட்பரா மக்கள் தெருவில் இறங்கி ஆளுங்கட்சி அலுவலகத்துக்குத் தீ வைத்தார்கள். 2019 ஏப்ரல் 11-ல் பஷீர் வீழ்ந்தார். ராணுவம் ஆட்சியைச் சிவிலியன்களிடம் தரவேண்டும் என்று கார்ட்டூமில் உட்கார்ந்திருந்த கூட்டத்தில் சேர, அதே மாதம் 23-ந் தேதி அட்பராவிலிருந்து ஒரு ரயில் வந்தது. கூரை மேலும் ஆட்கள் இருந்தார்கள்.