பட்டை மணக்கும் பாம்பே டோஸ்ட்

அந்தமானில் ஹடோ என்று ஓர் இடம். கப்பல்கள் வந்து நிற்கும் துறைமுகம் அங்கேதான் இருக்கிறது. அந்தப் பகுதியில் ஒரு வீடு. காலை நேரம். வெளியே மழை.

வீட்டுப் பெண் ரொட்டிப் பொட்டலத்தைக் கையில் எடுத்தார். வாங்கி மூன்று நாள் ஆகிவிட்டது. பாதி ரொட்டி மீதி இருந்தது. தொட்டுப் பார்த்தார். விறைப்பாக இருந்தது. குப்பையில் போடப் போனார்.

பக்கத்து வீட்டுப் பெரியவர் அதைப் பார்த்துவிட்டார்.

"என்னம்மா, அதையா தூக்கிப் போடப் போற?"

"காஞ்சு போச்சு பெரியம்மா. பிள்ளைங்க தொடமாட்டேங்குது."

"காஞ்சதுதானே? பூஞ்சை பிடிக்கலையே? குடு, பாக்கறேன்."

அவர் ஒவ்வொரு துண்டாக வெளிச்சத்தில் வைத்துப் பார்த்தார். முகர்ந்தும் பார்த்தார். பிறகு கேட்டார்: "வீட்ல முட்டை இருக்கா? பட்டை இருக்கா?"

இரண்டும் இருந்தன. அரை மணி நேரத்தில் பிள்ளைகளின் தட்டில் பாம்பே டோஸ்ட் இருந்தது. ஒரு துண்டுகூட மிஞ்சவில்லை.

ரொட்டியை முட்டையிலும் பாலிலும் நனைத்துக் கல்லில் சுடுவதுதான் பாம்பே டோஸ்ட். தமிழ்நாட்டிலும் இலங்கையிலும் இதற்கு இந்தப் பெயர்தான். ஆங்கிலத்தில் இதைப் பிரெஞ்சு டோஸ்ட் என்பார்கள். பிரான்ஸ் நாட்டுக்காரர்களோ வேறு பெயர் வைத்திருக்கிறார்கள். அந்தப் பெயருக்கு 'வீணாய்ப் போன ரொட்டி' என்று பொருள். வீணாய்ப் போக இருந்த ரொட்டியை மீட்டு எடுப்பதால் இந்தப் பெயர். பழைய ரோமாபுரிச் சமையல் நூல் ஒன்றிலும் இப்படி ஒரு பலகாரம் இருக்கிறது. அவர்கள் அதன்மேல் தேன் ஊற்றிச் சாப்பிட்டார்கள்.

அந்தமானில் ரொட்டி வீணாவது சின்ன விஷயம் அல்ல. அங்கே கோதுமை விளைவதில்லை. ரொட்டிக்கு வேண்டிய மைதா மாவு கப்பலில்தான் வருகிறது. சர்க்கரையும் அப்படித்தான். சென்னையிலிருந்து போர்ட் பிளேர் ஏறக்குறைய 1,190 கிலோமீட்டர். கப்பலில் சுமார் மூன்று நாள் பயணம். (போர்ட் பிளேருக்கு 2024ஆம் ஆண்டில் ஸ்ரீ விஜய புரம் என்று பெயர் மாற்றப்பட்டது.) கடல் கொந்தளித்தால் கப்பல் தாமதமாகும். அங்கிருந்து மற்றத் தீவுகளுக்கு இன்னொரு கப்பல் போக வேண்டும். இந்தக் கூலி எல்லாம் ஒவ்வொரு ரொட்டித் துண்டின் விலையிலும் சேர்ந்து இருக்கிறது.

மழையும் அங்கே அதிகம். ஆண்டுக்குச் சுமார் 3,000 மில்லிமீட்டர் பெய்கிறது. சென்னையில் பெய்வதைப் போல இரண்டு மடங்கு. மே முதல் டிசம்பர் வரை காற்றில் ஈரம் குறைவதே இல்லை. ஈரக் காற்றில் ரொட்டி சீக்கிரம் பூஞ்சை பிடிக்கும்.

காய்ந்தது வேறு, கெட்டது வேறு

ரொட்டி ஏன் விறைக்கிறது? தண்ணீர் வற்றுவதால் மட்டும் அல்ல. மாவில் ஸ்டார்ச்சு என்னும் மாவுப்பொருள் இருக்கிறது. ரொட்டி சுட்டதும் அது இளகி இருக்கும். நாள் ஆக ஆக இறுகும். குளிர்ந்த இடத்தில் இன்னும் வேகமாக இறுகும். அதனால்தான் குளிர்சாதனப் பெட்டியில் வைத்த ரொட்டி சீக்கிரம் விறைக்கிறது. மறுபடி சூடு பட்டால் இளகிவிடும். ஆகவே விறைத்த ரொட்டி கெட்ட ரொட்டி அல்ல.

பூஞ்சை பிடித்த ரொட்டி அப்படி அல்ல. பச்சை, கறுப்பு, வெள்ளைப் புள்ளிகள் தெரியும். புழுங்கிய வாடை வரும். பலர் புள்ளி உள்ள இடத்தைக் கிள்ளி எறிந்துவிட்டு மீதியைச் சாப்பிடுகிறார்கள். அது தவறு. பூஞ்சைக்கு மெல்லிய வேர் போன்ற இழைகள் உண்டு. அவை ரொட்டிக்குள் ஓடியிருக்கும். கண்ணுக்குத் தெரியாது. சில பூஞ்சைகள் நஞ்சை உண்டாக்கும். அந்த நஞ்சு கல்லில் சுட்டாலும் போகாது. ஒரு துண்டில் பூஞ்சை இருந்தால் அந்தப் பொட்டலம் முழுவதையும் எறிந்துவிட வேண்டும். அங்கே சிக்கனம் பார்க்கக் கூடாது. ஆட்டுக்கும் கோழிக்கும் கூடப் போட வேண்டாம்.

எந்தப் பட்டை?

பாம்பே டோஸ்டுக்கு மணம் தருவது பட்டை. இலவங்கப்பட்டை என்றும் சொல்வார்கள். இலங்கைத் தமிழர்கள் கறுவா என்பார்கள். கொழும்பு நகரில் ஒரு பகுதிக்குக் கறுவாத்தோட்டம் என்றே பெயர். இலங்கையிலிருந்து திரும்பி வந்து கச்சால் தீவில் குடியேறிய தமிழ்க் குடும்பங்களுக்கு இந்தச் சொல் புதிதல்ல.

கோதுமை கப்பலில் வந்தாலும் பட்டை அந்தமான் மண்ணிலேயே விளைகிறது. தென்னந்தோப்பிலும் பாக்குத் தோட்டத்திலும் ஊடுபயிராக வளர்க்கலாம். சிப்பிகாட் என்ற ஊரில் உள்ள அரசுப் பண்ணையில் பட்டை, கிராம்பு, சாதிக்காய், மிளகு எல்லாம் வளர்கின்றன.

பட்டை என்பது மரத்தின் உள்தோல். செடியை உயர வளர விடமாட்டார்கள். இரண்டு, மூன்று ஆண்டு ஆனதும் கிளையை வெட்டுவார்கள். அடியிலிருந்து புதுக் கிளை வரும். மழை பெய்த பிறகு வெட்டுவது நல்லது. அப்போது பட்டை எளிதாக உரியும். மேல் தோலைச் சுரண்டி எறிந்துவிட்டு உள்தோலை உரிப்பார்கள். அது காயும்போது தானாகவே சுருண்டுகொள்ளும். இலையைக் கசக்கி முகர்ந்தால் கிராம்பு வாசனை வரும்.

ஆனால் கடையில் பட்டை என்று விற்பது எல்லாம் இந்தப் பட்டை அல்ல. பெரும்பாலும் கிடைப்பது கேசியா என்னும் வேறு மரத்தின் பட்டை. சீனா, வியட்நாம் போன்ற நாடுகளிலிருந்து வருகிறது. விலை குறைவு. உணவுப் பாதுகாப்பு ஆணையத்தின் 2011ஆம் ஆண்டு விதிகளில் இரண்டும் தனித்தனிப் பொருள்கள்.

இரண்டையும் கையால் தொட்டே கண்டுபிடிக்கலாம். நல்ல இலவங்கப்பட்டை மெல்லியது. காகிதம் போலப் பல அடுக்காகச் சுருண்டிருக்கும். விரலால் நசுக்கினால் நொறுங்கும். கேசியா தடிப்பாக இருக்கும். ஒரே அடுக்குதான். மரத்துண்டு போல உறுதியாக இருக்கும். காரமும் கூடுதல்.

இதைத் தெரிந்துகொள்வதில் என்ன பயன்? கேசியாவில் கூமரின் என்ற பொருள் அதிகம். நாள்தோறும் நிறையச் சாப்பிட்டால் சிலருக்குக் கல்லீரல் கெடும். இலவங்கப்பட்டையில் இது மிகமிகக் குறைவு. குழம்பில் ஒரு துண்டு கேசியா போடுவதால் ஒன்றும் ஆகாது. தூளாக்கி அடிக்கடி சாப்பிடும்போதுதான் கவனம் வேண்டும். ஜெர்மனி அரசின் ஆய்வு நிறுவனம் ஓர் அளவு சொல்லியிருக்கிறது. 15 கிலோ எடையுள்ள குழந்தை நாள்தோறும் அரை கிராம் கேசியாத் தூளுக்கு மேல் சாப்பிடக் கூடாது. அரை கிராம் என்பது ஒரு சிட்டிகை, இரண்டு சிட்டிகைதான். தூளாக வாங்கினால் எது என்று தெரியாது. பட்டையாக வாங்கி வீட்டில் பொடிப்பதே நல்லது.

இன்னொன்றும் சொல்ல வேண்டும். பட்டைத் தூள் சாப்பிட்டால் சர்க்கரை நோய் போய்விடும் என்று சிலர் சொல்கிறார்கள். அதை நம்பி மருந்தை நிறுத்தக் கூடாது.

செய்வோமா?

நான்கு துண்டு ரொட்டிக்கு இரண்டு முட்டை வேண்டும். அரை டம்ளர் பால், இரண்டு டீஸ்பூன் சர்க்கரை, கால் டீஸ்பூன் பட்டைத் தூள், ஒரு சிட்டிகை உப்பு வேண்டும். சுடுவதற்குக் கொஞ்சம் நெய் அல்லது தேங்காய் எண்ணெய்.

பால் கிடைக்கவில்லையா? பால் பவுடரைக் கரைத்துக்கொள்ளலாம். தீவில் தேங்காய்க்குப் பஞ்சம் இல்லை. தேங்காய்ப் பாலும் ஊற்றலாம். பட்டையும் தேங்காய்ப் பாலும் சேர்ந்தால் வரும் மணம் மாட்டுப் பாலில் வராது.

முதலில் முட்டையைச் சோதிக்க வேண்டும். ஒரு பாத்திரத் தண்ணீரில் முட்டையைப் போடுங்கள். அடியில் படுத்தால் புது முட்டை. மிதந்தால் பழையது, வேண்டாம். ஒவ்வொரு முட்டையையும் தனிக் கிண்ணத்தில் உடைத்துப் பார்த்துப் பிறகு சேருங்கள். ஒன்று கெட்டிருந்தாலும் மற்றது தப்பும்.

பட்டைத் தூளை நேராகப் பாலில் போடாதீர்கள். கரையாது. கட்டி கட்டியாக மேலே மிதக்கும். முதலில் சர்க்கரையோடு உலர்வாகக் கலந்துகொள்ளுங்கள். பிறகு முட்டையைச் சேர்த்து அடியுங்கள். கடைசியில் பாலை ஊற்றுங்கள். இப்போது தூள் எங்கும் பரவிவிடும்.

கலவையை அகலமான தட்டில் ஊற்றுங்கள். ரொட்டியை ஒரு பக்கம் நனைத்துத் திருப்பி மறுபக்கமும் நனையுங்கள். புது ரொட்டி என்றால் பிய்ந்து போகும். விறைத்த ரொட்டி பிய்யாது. கலவையை நன்றாக உறிஞ்சிக்கொள்ளும். பழைய ரொட்டிதான் இதற்கு ஏற்றது. விறைப்பு அதிகம் என்றால் அரை நிமிடம் கூடுதலாக ஊற விடலாம்.

தோசைக் கல்லைச் சூடாக்கி நெய் தடவுங்கள். தீ மிதமாக இருக்கட்டும். தீ அதிகமானால் சர்க்கரை கருகும். மேலே சிவக்கும், உள்ளே முட்டை வேகாது. வேகாத முட்டையால் வயிற்றுப்போக்கு வரலாம். ஒரு பக்கத்துக்கு இரண்டு மூன்று நிமிடம் வையுங்கள். நடுவில் கரண்டியால் அழுத்திப் பாருங்கள். ஈரம் கசிந்தால் இன்னும் கொஞ்சம் வேக வேண்டும்.

வெறும் ரொட்டியில் சத்து குறைவு. ஒரு முட்டையில் சுமார் 6 கிராம் புரதம் இருக்கிறது. பள்ளிக்கூடம் போகும் பிள்ளைக்கு இரண்டு துண்டும் ஒரு வாழைப்பழமும் கொடுத்தால் காலை உணவு முடிந்தது. முட்டை சாப்பிடாத வீடுகளில் இரண்டு கரண்டி கோதுமை மாவைத் தேங்காய்ப் பாலில் கரைத்து அதில் நனைத்துச் சுடலாம். கொஞ்சம் மெதுவாகச் சிவக்கும், அவ்வளவுதான்.

மீதியான பட்டைத் தூளை ஈரம் இல்லாத கண்ணாடிப் பாட்டிலில் போட்டு இறுக மூடுங்கள். அடுப்புக்குப் பக்கத்தில் வேண்டாம். ஆவி பட்டால் கட்டியாகிவிடும். எடுக்கும் கரண்டியும் உலர்ந்திருக்கட்டும். மழைக் காலத்தில் ஒரு வாரத்துக்கு வேண்டியதை மட்டும் பொடித்துக்கொள்ளுங்கள்.