நிறமே முகவரி

1852இல் பர்மாவுடன் நடந்த போருக்குப் பிறகு ஆங்கிலேயர் ரங்கூனின் நடுப்பகுதியை, சூலே பகோடாவை மையமாக வைத்துக் கட்டம் கட்டமாக வகுத்தார்கள். தெருக்கள் பலவற்றுக்குப் பெயரில்லை, எண்தான். பர்மியரும் தமிழரும் சீனரும் கலந்து வாழ்ந்த ஊரில், 19ஆம் தெரு, 26ஆம் தெரு என்றால் எந்த மொழிக்காரருக்கும் வழி தெரிந்துவிடும். இன்று அதே தெருக்களில் தலைக்கு மேலே கறுப்பு கேபிள்கள் கொத்துக் கொத்தாகத் தொங்குகின்றன. அவற்றினுள்ளே ஓடுபவை தலைமுடியை ஒத்த கண்ணாடி இழைகள். அவற்றுக்கும் எந்த மொழிக்காரரும் படிக்கக்கூடிய முகவரி வேண்டும். அந்த முகவரிதான் நிறம். அதை அலங்காரமாக நினைப்பது தவறு. இழையைப் போலவே நிறமும் இணைப்பின் ஓர் உறுப்பு.

மேற்பூச்சை நீக்கிவிட்டால் ஒரு கண்ணாடி இழைக்கும் இன்னொன்றுக்கும் வித்தியாசம் தெரியாது. அதில் பாயும் ஒளியும் கண்ணுக்குப் புலப்படாத அகச்சிவப்பு ஒளி. ஆகவே பூச்சுக்கே நிறம் தருகிறார்கள். பரவலாகப் பின்பற்றப்படும் அமெரிக்க முறையில் வரிசை இது: நீலம், ஆரஞ்சு, பச்சை, பழுப்பு, சாம்பல், வெள்ளை, சிவப்பு, கறுப்பு, மஞ்சள், ஊதா, ரோஜா, வெளிர்நீலப் பச்சை. பன்னிரண்டு இழைகள் ஒரு குழாய்க்குள் அடங்கும். குழாய்களுக்கும் இதே வரிசை. 144 இழைகள் கொண்ட கேபிளில் 'பச்சைக் குழாயின் பழுப்பு இழை' என்றால், அது 28ஆவது இழை. பல கிலோமீட்டர் தள்ளி மறுமுனையில் இருப்பவரும் அதே இழையைக் கையில் எடுப்பார். நிறம் இல்லாவிட்டால், அறுந்த கேபிளை ஒட்டவைக்க ஒவ்வோர் இழையாக ஒளி பாய்ச்சித் தேட வேண்டியதுதான்.

கட்டடத்துக்குள் வரும் கேபிளின் உறையும் பேசும். மஞ்சள் என்றால் நெடுந்தூரத்துக்கான ஒற்றைமுறை இழை. ஆரஞ்சு என்றால் குறுகிய தூரத்துக்கான பழைய பன்முறை இழை. கனெக்டரின் நிறமோ எச்சரிக்கையே. ஒற்றைமுறை இழையில் நீலக் கனெக்டரின் முனை ஏறக்குறைய நேராகத் தேய்க்கப்பட்டது. பச்சையின் முனை 8 பாகை சாய்த்துத் தேய்க்கப்பட்டது. திரும்பிவரும் ஒளி வந்த வழியே போய்த் தொல்லை தராமல் இருக்கத்தான் அந்தச் சாய்வு. ஆனால் இரண்டும் பெரும்பாலும் ஒரே துளையில் பொருந்திவிடும்! பச்சையை நீலத்துடன் சேர்த்தால் நடுவே இடைவெளி விழும், ஒளி வீணாகும், முனையும் கீறிப்போகலாம். கை தடுக்காததைக் கண் தடுப்பதற்காகவே அந்த நிறம்.

நிறத்தை இவ்வளவு நம்பலாமா என்று கேட்பவர்களுக்கு நியாயம் இருக்கிறது. அமெரிக்க வரிசையில் ஏழாவதாக வரும் சிவப்பு, ஜெர்மன் வரிசையில் முதலாவது. வெவ்வேறு முறையில் வந்த கேபிள்கள் ஒரே இணைப்புப் பெட்டிக்குள் சந்தித்தால் குழப்பம் நிச்சயம். ஆண்களில் சிலருக்குச் சிவப்பும் பச்சையும் பிரித்தறிய முடியாது. தெருவில் தொங்கும் உறையோ வெயிலைத் தாங்கவேண்டி எல்லாமே கறுப்பு. இவை உண்மைதான், ஆனால் இவற்றால் நிறம் வேண்டாம் என்று ஆகிவிடாது. எந்த வரிசை என்பதைப் பெட்டிக்குள்ளேயே எழுதிவைக்க வேண்டும், எண் சீட்டு ஒட்ட வேண்டும், கடைசியில் அளவுமானி வைத்துச் சோதிக்க வேண்டும். நிறம் சொல்வது சாட்சி. சோதனை தருவதே தீர்ப்பு. பல நிறுவனங்களின் கேபிள்கள் ஒரே கம்பத்தைப் பகிரும் ஊரில் இந்த ஒழுங்கு தளர்ந்தால், அவதி அடுத்து ஏறும் தொழிலாளிக்கும் அந்தத் தெருவில் குடியிருப்போருக்கும்தான்.

பிரான்ஸிலிருந்து சிங்கப்பூர் வரை சுமார் 20,000 கிலோமீட்டர் நீளும் ஸீ-மீ-வீ 5 கடலடிக் கேபிள், மியன்மாரில் ங்வே சாங் கரையில் ஏறுகிறது. அத்தனை தூரம் கடந்து வரும் ஒளி, உங்கள் வீட்டுச் சுவரில் விரல் நுனியளவு முனை ஒன்றில் தடுமாறக் கூடாது. அதைக் கழற்றி மாட்ட நேர்ந்தால் நிறத்தைப் பாருங்கள்: பச்சைக்குப் பச்சை, நீலத்துக்கு நீலம். கழற்றிய முனையைக் கண்ணுக்கு நேரே மட்டும் பிடிக்காதீர்கள். தெரியாத ஒளியும் கண்ணைக் கெடுக்கும்.