கையெழுத்தைப் படிக்கக் கற்ற தபால் இயந்திரம்

ஒருகாலத்தில் அமெரிக்காவின் ரயில் தபால் ஊழியர்கள் ஓடும் வண்டியில் நின்றபடியே கடிதங்களைப் பிரித்து, சுவரோரம் இருந்த சிற்றறைகளில் போடுவார்கள். எந்தச் சிற்றூருக்கு எந்த வண்டி, எந்தச் சந்திப்பில் பை மாற வேண்டும் என்பதெல்லாம் அவர்களுக்கு மனப்பாடம். அதற்குத் தேர்வும் வைத்தார்கள்.

1959இல் டெட்ராய்ட்டில் ஒரு பெரிய இயந்திரம் வந்தது. 12 பேர் அதன்முன் உட்கார, நொடிக்கு ஒரு கடிதம் ஒவ்வொருவர் கண்ணெதிரே வந்து நிற்கும். முகவரியைப் படித்து விசையைத் தட்டினால், 277 பெட்டிகளில் உரியதில் அது போய் விழும். கடிதத்தைச் சுமக்க இயந்திரம் வந்துவிட்டது. படிக்க இன்னும் மனிதர்தான் வேண்டியிருந்தது.

1963இல் ஐந்திலக்க 'ஜிப்' எண் வந்ததும் மனப்பாடத்தின் சுமை குறைந்தது. (நம் ஆறிலக்கப் பின்கோடு 1972 ஆகஸ்ட் 15இல் வந்தது.) 1965இல் அதே டெட்ராய்ட்டில் வைத்த ஒளிவழிப் படிப்பான் அச்சிட்ட முகவரிகளைப் படித்தது. கையெழுத்துக்கு முன்னால் அது திணறியது. ஒருவர் போடும் 1 இன்னொருவரின் 7 போல இருக்கும். எழுத்துகள் ஒன்றோடொன்று ஒட்டிக்கொள்ளும்.

இந்த முடிச்சை அவிழ்த்தவர்களில் முக்கியமானவர் பெங்களூரில் படித்து பஃபலோ பல்கலைக்கழகத்தில் பேராசிரியரான சர்கூர் ஸ்ரீஹரி. அவரது குழு கண்ட வழி எனக்கு மிகவும் பிடித்தது. எழுத்தெழுத்தாகப் படித்துத் தெருப்பெயரைக் கண்டுபிடிப்பது கடினம். ஆனால் ஜிப் எண்ணும் வீட்டு எண்ணும் தெரிந்தால், அந்த வட்டாரத்தில் அந்த எண்ணுள்ள வீடு இருக்கும் தெருக்கள் சிலவே. கிறுக்கலாகத் தெரியும் சொல் அவற்றில் எதோடு பொருந்துகிறது என்று பார்த்தால் போதும். ஊரைத் தெரிந்த பழைய ஊழியரும் இப்படித்தான் ஊகித்திருப்பார்! 1997இல் இந்த முறை அமெரிக்கத் தபால் துறையில் நடைமுறைக்கு வந்தது.

இயந்திரம் தோற்றுப்போகும் உறையின் படம் மட்டும் தொலைவில் கணினித் திரைமுன் இருப்பவருக்குப் போகும். அவர் முகவரியைத் தட்டச்சு செய்யும்வரை கடிதம் காத்திருக்கும். எது எந்தக் கடிதம் என்று குழம்பாதிருக்க, உறையின் பின்புறம் ஆரஞ்சு நிறக் கோடுகளால் அடையாளம் இடப்பட்டிருக்கும். விடை வந்ததும் முகவரிக்கான பட்டைக்கோடு முன்புறம் அச்சாகும். இதற்காக ஒருகாலத்தில் 55 மையங்கள் இருந்தன. இயந்திரம் தேறத் தேற அவை ஒவ்வொன்றாக மூடப்பட்டு, கடைசியில் சால்ட் லேக் சிட்டியில் இருப்பது மட்டுமே எஞ்சியது.