மார்லிக்குப் பக்கத்தில் ‘ப்ரியா’!

இசைத்தட்டுப் பித்துப் பிடித்தவர் வீட்டு அலமாரியைத் திறந்து பார்க்கவும் ஒரு கொடுப்பினை வேண்டும். எனக்கு அது வாய்த்தது! தேக்கா சந்தையிலிருந்து கூப்பிடு தூரத்தில் ஒரு வீவக வீடு. கூடத்தில் தரையிலிருந்து கூரைவரை தட்டுகள்தான். வீட்டுக்கார அண்ணன் முதலில் சோப்பைத்தான் நீட்டினார். “கையைக் கழுவிட்டு வாங்க தம்பி. விரல் எண்ணெய் பட்டா பூஞ்சை பிடிக்கும். நம்ம ஊரு ஈரத்துக்குக் கேக்கவே வேணாம்.”

கழுவிவிட்டு வந்ததும் கையில் எதைக் கொடுத்தார் தெரியுமா? ‘கேட்ச் எ ஃபயர்’! பாப் மார்லியின் வெய்லர்ஸ் குழு 1973இல் ஐலண்ட் நிறுவனத்துக்காகப் போட்ட எல்பி. உலகம் ரெகே பக்கம் காதைத் திருப்பக் காரணமான தட்டுகளில் ஒன்று. முதலில் வந்த சுமார் 20,000 பிரதிகளுக்கு மட்டும் உறையை ஜிப்போ லைட்டர் மாதிரியே செய்திருந்தார்கள். மேல்மூடியை மெல்லத் தூக்கினால் உள்ளே அட்டைத் தீச்சுடர்! ஒவ்வொரு உறையிலும் கையால் ஆணி பொருத்த வேண்டியிருந்ததால் செலவு கட்டுப்படியாகவில்லை. அடுத்தடுத்த பிரதிகள் மார்லி புகைக்கும் படத்தோடு சாதாரண உறையில் வந்துவிட்டன. பாட்டு இரண்டிலும் அதேதான், ஆனால் சேர்ப்பவர்கள் அலைவதெல்லாம் அந்த மூடிக்காக. மூடி கிழியாமல் இருந்தால் விலை எங்கோ போய்விடும். அதைத் திறந்து மூடியபோது எனக்கு மூச்சே நின்றுவிட்டது.

அதை உள்ளே வைக்கப் போன அண்ணன், பக்கத்திலிருந்து இன்னொன்றை உருவினார். ‘ப்ரியா’! 1978 டிசம்பரில் வந்த படம், எஸ்.பி. முத்துராமன் இயக்கம், ரஜினி, ஸ்ரீதேவி. சுஜாதாவின் நாவல் லண்டனில் நடக்கும். படத்தில் கதையை நம்ம சிங்கப்பூருக்குக் கொண்டுவந்துவிட்டார்கள். அப்போது சாங்கி விமான நிலையம் கிடையாது, அது திறந்தது 1981இல். எம்ஆர்டி ஓட இன்னும் ஒன்பது வருஷம் பாக்கி. அந்தச் சிங்கப்பூரை யேசுதாஸ் குரலில் கொண்டாடும் ‘அக்கரைச் சீமை’ இந்தத் தட்டில்தான் இருக்கிறது. இசை இளையராஜா, பாட்டு பஞ்சு அருணாசலம்.

இதில் இன்னொரு விசேஷம் உண்டு. தமிழில் ஸ்டீரியோ முறையில் பாடல்கள் பதிவான முதல் படம் என்ற பெருமை ‘ப்ரியா’வுக்குத்தான். ஆலன் புளும்லைன் என்ற ஆங்கிலேயப் பொறியாளர் ஸ்டீரியோவுக்குக் காப்புரிமை கேட்டது 1931இல். மேல்நாட்டுக் கடைகளில் ஸ்டீரியோ எல்பி வந்தது 1958 வாக்கில். நம் சினிமாப் பாட்டுக்கு அது வந்துசேர இன்னும் இருபது வருஷம் ஆனது!

அண்ணன் டார்ச் அடித்துக் காட்டினார். பாட்டு முடிந்து லேபிளுக்கு முன்னால் பளபளவென்று ஒரு வெற்று வளையம் இருக்கிறதே, அங்கேதான் அச்சு எண்ணைப் பொறித்திருப்பார்கள். எந்த அச்சு என்று தட்டுக்காரர்கள் கண்டுபிடிப்பது அதை வைத்துத்தான். பிறகு காய்ச்சி வடித்த நீரில் மெல்லிய துணியை நனைத்து, வரியின் போக்கிலேயே துடைத்தார். குறுக்கே துடைத்தால் கீறல் விழும். பழைய 78 வேகத் தட்டாக இருந்தால் ஆல்கஹாலைப் பக்கத்திலேயே கொண்டுவரக் கூடாது, அதிலுள்ள அரக்கு கரைந்துவிடும்.

முள் இறங்கியது. வரியின் ஒரு சுவரில் இடது பக்க ஒலி, எதிர்ச்சுவரில் வலது பக்க ஒலி. ஒற்றை முள் இரண்டையும் சேர்த்தே படித்துக்கொண்டு போகிறது. யேசுதாஸ் எனக்கு நேரெதிரே நின்று பாட, வாத்தியங்கள் இரு பக்கமும் விரிந்துகொண்டே போயின. போனில் ஆயிரம் தடவை கேட்ட பாட்டுதான். இருந்தாலும் புல்லரித்துவிட்டது!

அண்ணனின் தட்டுகளில் பாதி சுங்கை ரோடு சந்தையில் தரையில் குந்தி உட்கார்ந்து பொறுக்கியவை. 2017 ஜூலை 10ஆம் தேதியோடு அந்தச் சந்தையை மூடிவிட்டார்கள். இப்போது அடெல்ஃபி மாதிரிக் கட்டடங்களில், ஏசி கடைகளில்தான் தேட வேண்டியிருக்கிறது. விலையும் அதற்கேற்ற மாதிரிதான்.

தட்டு சேர்ப்பவர்கள் மத்தியில் மார்லியின் ஜிப்போவுக்குத்தான் மவுசு. என்னைக் கேட்டால் ‘ப்ரியா’வைத்தான் எடுப்பேன். அதில் நம்ம ஊர் இருக்கிறது, நம்ம பாட்டு முதன்முதலாக இரண்டு காதுக்கும் தனித்தனியாகப் பேசிய தருணமும் இருக்கிறது.

உங்கள் தாத்தா வீட்டுப் பரணிலும் ஒன்று கிடக்கலாம். வீடு மாறும்போது, பழைய சாமான் வாங்கும் காராங்கூனிக்காரரின் ஹாரன் சத்தம் கேட்டதும் மொத்தமாகத் தூக்கிக் கொடுத்துவிடாதீர்கள். ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கினால் தட்டு வளைந்துவிடும், செங்குத்தாக நிறுத்தி வையுங்கள். விவரம் தெரிந்த ஒருவரிடம் காட்டிவிட்டுப் பிறகு முடிவு செய்யுங்கள்.