எந்திரமும் ஐயமும்: சுஜாதாவின் எந்திரக் கதைகளை முன்வைத்து ஓர் ஆய்வு

அறிவு பெற்ற எந்திரத்தை மாந்தன் நம்பலாமா என்னும் வினா இக்காலப் புனைகதைகளில் பலகாலும் எழுப்பப்படுவதொன்று. ஆக்கப்பட்டது ஆக்கியோனையே அழிக்குமோ என்னும் அச்சமே இவ்வகைக் கதைகளின் விறுவிறுப்புக்கு ஊற்றாக அமைகின்றது. தமிழில் இவ்வகையிற் பலரும் அறிந்தவை, சுஜாதா 1980களில் எழுதிய ‘என் இனிய இயந்திரா’ என்னும் புதினமும், அதன் தொடர்ச்சியாகிய ‘மீண்டும் ஜீனோ’வும், 2010 ஆம் ஆண்டில் வெளிவந்த ‘எந்திரன்’ என்னும் திரைப்படமும் ஆகும். வார இதழிலும் வெள்ளித்திரையிலும் தோன்றியவை ஆதலின் இவற்றைப் பொழுதுபோக்கென்று ஒதுக்குவாரும் உளர். எனினும், இக்கதைகள் எழுப்பும் வினா தமிழுக்குப் புதியது அன்று. காப்பியக் காலந்தொட்டே அது நம் கதைமரபில் உண்டு என்பதும், அதற்கு நம் மரபு தந்த விடை மேலைநாட்டார் தந்த விடையினின்றும் வேறுபட்டது என்பதும் இக்கட்டுரையில் ஆராயப்பெறும்.

1. சொல்லும் பொருளும்

எந்திரம் என்னும் சொல் சங்கச் செய்யுளிலேயே காணப்படுவது. ஐங்குறுநூற்றிலும் புறநானூற்றிலும் அது கரும்பு பிழியும் ஆலையைக் குறித்து நிற்கின்றது. அங்கு எந்திரம் உழைப்புக்குத் துணையாகிய கருவி; அச்சத்துக்கு உரிய பொருள் அன்று.

இதனோடு ஒத்த பொருளில் வழங்கும் ‘பொறி’ என்னும் சொல்லோ பல பொருள் ஒருசொல். எந்திரம் பொறி எனப்படும். விலங்கை அகப்படுத்தும் கண்ணியும் பொறி எனப்படும். மெய், வாய், கண், மூக்கு, செவி என்னும் ஐந்தும் பொறி எனப்படும். தீயின் துகளும் பொறியே. கருவி, வஞ்சகம், உணர்வு, நெருப்பு ஆகிய நான்கையும் ஒரு சொல் தாங்கி நிற்றல் எண்ணத்தக்கது. எந்திரம் உணருமோ, வஞ்சிக்குமோ, எரிக்குமோ என இக்காலப் புனைகதை வினவும் வினாக்கள் யாவும் இச்சொல்லின் பொருட்பரப்பினுள் அடங்கும்.

‘ரோபோ’ என்னும் சொல்லின் பிறப்பும் ஈண்டு அறியத்தக்கது. செக் நாட்டு எழுத்தாளர் காரல் சாபெக் 1920 ஆம் ஆண்டில் வெளியிட்ட ‘ஆர்.யூ.ஆர்.’ என்னும் நாடகத்தில் இச்சொல் முதன்முதல் இடம்பெற்றது. சொல்லைத் தந்தவர் அவருடைய தமையனார் யோசப் சாபெக். செக் மொழியில் ‘ரோபோட்டா’ என்பது நிலக்கிழாருக்குக் குடியானவர் கூலியின்றிச் செய்த கட்டாய உழைப்பின் பெயர். சோழர் காலக் கல்வெட்டுகள் ‘வெட்டி’ எனக் குறிக்கும் ஊதியமில் உழைப்பும் இத்தகையதே. எனவே, ‘ரோபோ’ என்பதற்கு நேரான தமிழ் தேடுவார், எந்திர மாந்தன் என்பதோடு ‘வெட்டியாள்’ என்பதனையும் நினைவிற் கொள்ளல் வேண்டும். எந்திரத்தைப் பற்றிய அச்சம், ஏவப்பட்டோர் ஒருநாள் எழுவர் என்னும் அச்சத்திற் பிறந்தது என்பதற்கு இச்சொல்லே சான்று.

2. காப்பியங்களிற் காணும் இரு பொறிகள்

கொங்குவேளிர் இயற்றிய பெருங்கதையின் முற்பகுதி இன்று கிடைத்திலது. ஆயினும், கோசாம்பி வேந்தனாகிய உதயணன் பொய்யானை ஒன்றால் அகப்பட்ட நிகழ்ச்சியே கதை முழுமைக்கும் அடித்தளம். யானைபால் உதயணன் கொண்ட பெருவிருப்பையும், யாழிசையால் யானையை வயப்படுத்தும் அவனது ஆற்றலையும் நன்கறிந்த பிரச்சோதனன், எந்திர யானை ஒன்றைச் செய்வித்து, வீரரை உள்ளே கரந்து வைத்துக் காட்டில் விடுத்தான். உதயணன் அதனை மெய்யென நம்பி அணுகிச் சிறைப்பட்டான். இங்கு வஞ்சித்தது யானையா? அன்று. யானையின் வயிற்றுள் இருந்தோரும் அவரை ஏவியோனுமே வஞ்சித்தனர்.

சீவகசிந்தாமணி இதற்கு மறுதலையான நிகழ்ச்சியைக் காட்டுகின்றது. சச்சந்தன் தன் அமைச்சனாகிய கட்டியங்காரனை நம்பி அரசை அவன்பால் ஒப்படைத்தான்; கட்டியங்காரன் அரசனைக் கொன்று நாட்டைக் கவர்ந்தான். கருவுற்றிருந்த விசயையைக் காத்துக் கொண்டுசென்றதோ மயிற்பொறி. மாந்தன் கைவிட்ட விடத்து எந்திரம் கைவிடவில்லை. சுடுகாட்டில் இறங்கிய அப்பொறியாலேயே சீவகன் பிறந்து கதை வளர்கின்றது.

இவ்விரண்டையும் ஒருங்கு வைத்து நோக்குவார்க்கு ஓர் உண்மை புலனாகும். எந்திரம் தன்னளவில் நல்லதுமன்று, தீயதுமன்று. உள்ளிருப்பவன் யார், ஏவுபவன் யார் என்பதே வினா. இதுவே நம் காப்பிய மரபு எந்திரத்தை நோக்கிய நோக்கு.

3. மேலைநாட்டார் நோக்கு

சாபெக்கின் நாடகத்தில், உழைப்புக்கெனவே ஆக்கப்பெற்ற ரோபோக்கள் கிளர்ந்தெழுந்து மாந்தர் இனத்தையே அழிக்கின்றன. ஒருவன் மட்டும் உயிர்பிழைக்கின்றான். அவன் கட்டடம் கட்டும் அல்குவிஸ்ட்; தம்மைப் போலவே கைகளால் உழைப்பவன் என்பதனால் ரோபோக்கள் அவனை விட்டுவைக்கின்றன. உழைப்போர், உழையாதோர் என்னும் பிரிவே அங்கு உயிரையும் சாவையும் வரையறுக்கின்றது.

இவ்வச்சத்துக்கு மாற்றாக ஐசக் அசிமோவ், எந்திரம் மாந்தர்க்குத் தீங்கு செய்யலாகாது, ஏவலுக்கு அடங்கல் வேண்டும், தன்னையும் காத்துக்கொள்ளல் வேண்டும் எனவும், முன்னதற்கு முரணாகாதவாறே பின்னது இயங்கும் எனவும் மூன்று விதிகளை அமைத்தார். இவை 1942 ஆம் ஆண்டில் வெளிவந்த சிறுகதை ஒன்றில் முதன்முதல் முழுமையாகக் கூறப்பட்டன. 1954 இல் நூலுருப்பெற்ற ‘எஃகுக் குகைகள்’ என்னும் பொருளுடைய அவரது புதினம், கொலை ஒன்றைத் துப்பறியும் கதை. துப்பறிவாளன் பெய்லிக்குத் துணையாக வருவது மாந்த உருவிற் செய்யப்பட்ட டானீல் என்னும் ரோபோ. பெய்லி இரு முறை டானீலின்மேற் பழி சுமத்துகின்றான்; இரண்டும் பொய்யாகின்றன. கொலைசெய்தவன் மாந்தனே என்பது முடிவில் வெளிப்படுகின்றது. அந்நகர மக்கள் ரோபோவை வெறுத்தற்குக் காரணமாக ஆசிரியர் காட்டுவது யாது? எந்திரம் கொல்லும் என்பதன்று. எந்திரம் வேலையைப் பறிக்கும் என்பதே. பேரச்சம் போலத் தோன்றுவது வயிற்றுப்பாட்டின் அச்சமே என்பது அசிமோவ் கண்ட நுட்பம்.

4. ஜீனோவும் சிட்டியும்

பெங்களூரில் பாரத் மின்னணு நிறுவனத்திற் பொறியாளராகப் பணியாற்றிய சுஜாதா (1935–2008), வாக்குப்பதிவு எந்திரத்தின் உருவாக்கத்திற் பங்குகொண்டவர். எந்திரத்தின் உட்புறத்தை அறிந்தவர் ஆதலின், அதனைப் பூதமாகக் கண்டு அவர் அஞ்சவில்லை.

‘என் இனிய இயந்திரா’ காட்டும் நாட்டில் பிள்ளை பெறுதற்கும் அரசின் இசைவு வேண்டும். நிலா, சிபி, ரவி, மனோ, ஜீவா எனப் பெயர்கள் ஈரெழுத்தளவிற் சுருங்கி நிற்றல் வாழ்வின் சுருக்கத்தையே குறிப்பாற் புலப்படுத்துகின்றது. கணவன் சிபி காணாமற்போக, நிலாவின் இல்லத்துக்கு ரவி வருகின்றான். அவனுடன் வருவது ஜீனோ என்னும் எந்திர நாய். நூல்களைக் கற்றுக் கற்று ஜீனோ தானே சிந்திக்கத் தலைப்படுகின்றது. நாட்டை ஆளும் ஜீவாவோ உண்மையில் மாந்தன் அல்லன். ஒளியால் அமைந்த வெற்றுருவம். பின்னர் நிலா பெயரளவில் அரசியாக, புரட்சியாளராய்த் தோன்றியோரே ஆட்சியைத் தம் கைக்குள் வைத்துக்கொள்கின்றனர். அவளுக்கு உற்ற துணையாய் நிற்பது ஜீனோ ஒன்றே.

இங்குக் காப்பிய மரபின் இரு பொறிகளும் மீண்டும் தோன்றுதல் காண்க. ஜீவா பொய்யானை, உள்ளிருந்து இயக்குவோர் வேறு. ஜீனோ மயிற்பொறி, மாந்தர் கைவிட்டாளைக் காப்பது. சுஜாதா பெருங்கதையைக் கருதியே எழுதினார் என்பது ஈண்டுக் கருத்தன்று. ஒரே வினா ஒரே வகையான விடையை ஈன்றது என்பதே கொள்ளத்தக்கது.

‘எந்திரன்’ படம் இவ்விடையைச் சோதனைக்கு உள்ளாக்குகின்றது. தன்னை ஆக்கிய வசீகரனையே தாக்குமாறு ஏவப்பட்டபோது சிட்டி தயங்காமல் முற்படுகின்றது. நன்று தீது அறியாத எந்திரம் எனத் தள்ளப்படுகின்றது. உணர்ச்சி ஊட்டப்பட்ட பின்னரோ, காதலும் பொறாமையும் அதனைப் பற்றுகின்றன. உணர்வில்லாமையும் குறை, உணர்வு வந்ததும் கேடு. தீய நிரலை உட்செலுத்தியவன் போரா என்னும் மாந்தன் என்பது உண்மையே. ஆயினும் சனாவின்மேற் கொண்ட காதலை யாரும் ஏவவில்லை. ஆகவே, ‘உள்ளிருப்பவன் யார்’ என்னும் பழைய வினா இங்குப் போதாதாகின்றது. பொய்யானையின் வயிற்றில் வீரர் இருந்தனர். கற்றுத் தானே வளரும் எந்திரத்தின் வயிற்றில் எவரும் இலர். அப்போது கேட்கவேண்டுவது, ‘அதன் செயலுக்குப் பொறுப்பேற்பவர் யார்’ என்பதாகும்.

5. வடசென்னை தரும் உரை

இவ்வினாவின் பொருளை வடசென்னையின் வரலாறு நன்கு விளக்கும். சாபெக்கின் நாடகம் வெளிவருதற்கு ஈராண்டு முன்னர், 1918 ஆம் ஆண்டில், பெரம்பூர்ப் பகுதி ஆலைத் தொழிலாளரிடையே சென்னைத் தொழிலாளர் சங்கம் தோன்றியது. ஏவப்பட்டோர் பேசத் தொடங்கிய காலம் அது. 1983 இல் சென்னைத் துறைமுகத்திற் கொள்கலன் முனையம் இயங்கத் தொடங்கியது. முன்பு பலர் முதுகிலும் தலையிலும் சுமந்த மூட்டைகளை இரும்புப் பெட்டியும் பாரந்தூக்கியும் ஏற்றுக்கொண்டன. ஜீனோ பிறந்த அதே பத்தாண்டில், இராயபுரத்தை அடுத்த துறைமுகத்தில் எந்திரம் மாந்தனின் இடத்தை எடுத்துக்கொண்டிருந்தது. மூட்டை சுமத்தலினின்று உடல் விடுதலை பெற்றது நன்மை; அவ்வுடலுக்குரியோன் வேலையும் உடன்போனமை இழப்பு. இரண்டும் ஒருங்கே உண்மை.

2023 டிசம்பர் 26 இரவில், எண்ணூரை அடுத்த பெரியகுப்பத்தில், உரத்தொழிற்சாலைக்குச் செல்லும் கடலடிக் குழாயிலிருந்து அம்மோனியா கசிந்தது. மக்கள் மூச்சுத்திணறி இரவோடிரவாக வீடுகளை விட்டு வெளியேறினர். பலர் மருத்துவமனையிற் சேர்க்கப்பட்டனர். குழாயைப் பேயென்று அவர்கள் பழிக்கவில்லை. கண்காணிக்க வேண்டியவர் யார் என்றே கேட்டுப் போராடினர். எந்திரங்களுக்கிடையே தலைமுறை தலைமுறையாக வாழ்வோர் எந்திரத்தை அறிவார். அவர்தம் ஐயம் அறியாமையிற் பிறந்ததன்று, பட்டறிவிற் பிறந்தது.

6. முடிவுரை

மேற்கூறியவற்றால் பெறப்படுவன இவை. எந்திரத்தின்பாற் கொள்ளும் ஐயம், ஏவுவோர்க்கும் ஏவப்படுவோர்க்கும் இடைப்பட்ட உறவில் வேரூன்றியது. ‘ரோபோ’ என்னும் சொல்லே அதற்குச் சான்று. தமிழ்க் கதைமரபு எந்திரத்தை விடுத்து, அதனை இயக்குவோனை ஐயுற்றது. சுஜாதாவின் புதினங்கள் அம்மரபோடு ஒத்து இயைகின்றன. தானே கற்கும் எந்திரம் தோன்றியபின் அவ்வையம் ஒழியவில்லை. பொறுப்பு யாருடையது என்னும் வினாவாக உருமாறியுள்ளது. மொழியைக் கற்று விடை பகரும் செய்யறிவுக் கருவிகள் மாணவர் கைகளில் வந்துவிட்ட இந்நாளில், இவ்வினாவை அறிவியலாரிடமே விட்டுவிடல் தமிழாய்வுக்குத் தகுவதன்று. பொய்யானையை மெய்யென நம்பியமை உதயணன் செய்த பிழை. அமைச்சனை ஆராயாது நம்பியமை சச்சந்தன் செய்த பிழை. நம்புதற்கும் ஐயுறுதற்கும் முன்னர் ஆராய்தல் வேண்டும் என்பதே இரு காப்பியங்களும் ஒருங்கே உணர்த்தும் பாடம்.