பட்டும் நண்டுக் காலும்

காஞ்சிபுரம் ஊருக்குக் கடல் கிடையாது. கோவளம், மாமல்லபுரம், கல்பாக்கம் என்று நீண்ட கடற்கரை ஒரு காலத்தில் காஞ்சிபுரம் மாவட்டத்தின் பெயரில் இருந்தது. 2019 நவம்பரில் செங்கல்பட்டு தனி மாவட்டமானதும் அதுவும் கை மாறிவிட்டது. ஆனாலும் புரட்டாசி முடிந்த முதல் ஞாயிற்றுக்கிழமை, அசைவம் சமைக்கும் வீடுகளில் நண்டு வாசனைக்குக் குறைவிருக்காது. ஐஸ் பெட்டியில் வந்து சேரும் கடல் நண்டு ஒரு பக்கம். ஏரிப் பாசன வயல்களில் வரப்போரம் வளை தோண்டி வாழும் வயல் நண்டு இன்னொரு பக்கம்.

பட்டு நெய்யும் ஊருக்கும் நண்டுக்கும் என்ன உறவு? ரத்த உறவே உண்டு. பட்டுப்புழுவும் நண்டும் கணுக்காலிகள் என்பது பள்ளிப் பாடம். விஷயம் அதற்கு மேலும் போகிறது. 75 வகைக் கணுக்காலிகளின் 62 மரபணுக்களை ஒப்பிட்ட ஆய்வு ஒன்று 2010இல் ‘நேச்சர்’ இதழில் வெளியானது. பூச்சி இனம் முழுவதும் நண்டு, இறால் வம்சத்துக்குள்ளிருந்து கிளைத்தது என்பதை அது உறுதிப்படுத்தியது. புழு நான்கு முறை தோலுரித்த பிறகு கூடு கட்டுகிறது. நண்டு வாழ்நாளில் பலமுறை ஓடு கழற்றுகிறது. இரண்டின் மேலுறைக்கும் கைட்டின் என்ற ஒரே பொருள்தான் அடிப்படை. பட்டு நூலை வேகவைக்கும் சாயப் பட்டறையிலும் நண்டை வேகவைக்கும் அடுப்படியிலும் கேள்வி ஒன்றுதான்: சூடான நீரில் புரதம் என்ன ஆகிறது? நண்டுக் காலை ஒழுங்காகச் சமைக்க இந்தக் கேள்விக்கு விடை தெரிந்தால் போதும் என்பது என் கட்சி.

முதலில் காலைப் பார்ப்போம். நண்டுக்குக் கால்கள் பத்து, முன்னிரண்டும் கொடுக்குகள். நமக்கு எலும்பு உள்ளே, சதை வெளியே. நண்டுக்கு ஓடு வெளியே, சதை உள்ளே. ஒவ்வொரு கணுவும் ஒரே தளத்தில்தான் மடங்கும். அடுத்த கணு வேறொரு தளத்தில் மடங்கும். இப்படித் திசை மாறி மாறி அமைந்த கணுக்கள் வரிசையாக இருப்பதால்தான் கால் நினைத்த பக்கமெல்லாம் போகிறது. வெந்த கொடுக்கின் அசையும் விரலைப் பின்புறமாக மடக்கி மெதுவாக இழுத்துப் பாருங்கள். சதையோடு சேர்ந்து, ஒளி ஊடுருவும் தட்டையான தகடு ஒன்று வெளியே வரும். பலர் அதை முள் என்று ஒதுக்குவார்கள். அது தசையின் இழுப்பை விரலுக்குக் கடத்தும் தசைநாணின் வேலையைச் செய்வது. ஓடே உள்நோக்கி வளர்ந்து அப்படி ஆகியிருக்கிறது. தசை இழைகள் அதன் இரு பக்கமும் சாய்வாக ஒட்டியிருக்கும். சாய்வாக ஒட்டினால் குறுகிய குழாய்க்குள் அதிக இழைகளை அடக்கலாம். அதிக இழை என்றால் அதிகப் பிடி. கொடுக்கை மூடும் தசை பெரியது, திறக்கும் தசை மிகச் சிறியது. நாம் ருசித்துச் சாப்பிடும் கொடுக்குச் சதை பெரும்பாலும் நண்டு கடிக்கப் பயன்படுத்தும் தசை.

நம் கடற்கரையில் கிடைக்கும் நீலக்கால் நண்டின் கடைசி ஜோடிக் கால் துடுப்பாகத் தட்டையாகியிருக்கும். அந்தத் துடுப்பை அசைக்கும் தசை காலுக்குள் இல்லை. உடம்போடு கால் சேரும் இடத்தில் உருண்டையாக இருக்கிறது. முழு நண்டிலும் சிறந்த துண்டு அதுதான். நடக்கும் கால்களோ மெலிந்தவை. வெளிநாட்டுப் படங்களில் கை நீளத்துக்கு வரும் அலாஸ்கா ராஜ நண்டின் கால்கள் வேறு கதை. அது துறவி நண்டுகளின் உறவுக்காரன். அதன் கால்கள் பெரும்பாலும் வேகவைத்து உறையவைத்த நிலையிலேயே விற்பனைக்கு வருகின்றன. வீட்டில் சூடாக்கினால் போதும். நம் நண்டின் மெல்லிய கால்களுக்கு நம் சமையலறை கண்ட வழி, தட்டி நசுக்கி ரசம் வைப்பது. அது மிகச் சரியான வழி. ஏன் என்பதற்கு வருகிறேன்.

நண்டு ஓட்டில் கைட்டின் இழைகள் அடுக்கடுக்காகப் படிந்திருக்கின்றன. சேலையில் பாவும் ஊடையும் செங்குத்தாகச் சந்திக்கும். ஓட்டிலோ ஒவ்வோர் அடுக்கும் தனக்குக் கீழுள்ள அடுக்கிலிருந்து சற்றே திரும்பியிருக்கும். அதற்கு மேலுள்ளது இன்னும் சற்றுத் திரும்பியிருக்கும். இழைகளுக்கு நடுவே கால்சியம் கார்பனேட், அதாவது சுண்ணாம்புக் கல்லின் பொருள், இறுகியிருக்கும். ஓட்டில் விழும் விரிசல் நேராக ஓட முடியாது. அடுக்குக்கு அடுக்கு திசை மாறி வலுவிழந்து நின்றுவிடும். பிரெஞ்சு உயிரியலாளர் இவ் பூலிகானின் பெயரால் அழைக்கப்படும் இந்த அமைப்பை இன்று பொறியாளர்கள் உடையாத பொருள்கள் செய்யப் படிக்கிறார்கள். கணுக்களில் உள்ள சவ்விலோ சுண்ணாம்புச் சத்து மிகக் குறைவு. அதனால் கணுவைக் கையால் திருகினாலே பிரிந்துவிடும். துண்டின் நடுவே உடைக்க வேண்டுமானால் கத்தியின் கூர்மை வழுக்கும். குழவியாலோ கத்தியின் முதுகாலோ ஓர் அடி போதும். பல அடி அடித்தால் ஓட்டுச் சில்லுகள் சதைக்குள் போகும்.

இனி அடுப்புக்கு வருவோம். நீலமாகவோ பச்சையாகவோ சட்டிக்குள் போகும் நண்டு, சில நிமிடங்களில் செம்மஞ்சளாக மாறுகிறது. அந்தச் சிவப்பைச் சூடு புதிதாக உண்டாக்கவில்லை. அது முன்பே ஓட்டில் இருக்கிறது. அஸ்டாசாந்தின் என்ற அந்த நிறமியை நண்டால் தானாக முழுமையாகத் தயாரிக்க முடியாது. அதன் மூலப்பொருள் பாசிகளில் தொடங்கி உணவு வழியாக வந்து சேர்கிறது. தனியாக இருக்கும்போது அது செம்மஞ்சள். ஓட்டில் ஒரு புரதம் அதைச் சுற்றி இறுகப் பிடித்து, அதன் வடிவத்தைச் சற்று வளைத்துவிடுகிறது. அந்தப் பிடியில் அது உறிஞ்சும் ஒளி மாறுவதால் நமக்கு நீலமாகத் தெரிகிறது. சிங்கி இறால் ஓட்டில் உள்ள இந்தப் புரதத்தின் ஒரு முக்கியப் பகுதியின் முப்பரிமாண வடிவம் 2002இல்தான் கண்டறியப்பட்டது. சூடு ஏறியதும் புரதம் குலைகிறது, பிடி தளர்கிறது, நிறமி தன் நிறத்தைக் காட்டுகிறது. இந்த நிறமி நீரில் கரையாது, எண்ணெயில் கரையும். நண்டுக் கால்களை முதலில் நல்லெண்ணெயில் வதக்கினால் எண்ணெய் சிவந்து குழம்பின் மேலே மிதப்பது இதனால்தான்.

சதைக்குள்ளும் இதே குலைவுதான். தசைப் புரதங்கள் 40 முதல் 50 டிகிரி செல்சியஸிலேயே குலையத் தொடங்குகின்றன. 70ஐத் தாண்டும்போது வேலை ஏறக்குறைய முடிந்துவிடும். அதற்கு மேல் இழைகள் சுருங்கித் தங்களிடமிருந்த நீரைப் பிழிந்து வெளியே தள்ளும். ஆட்டிறைச்சியில் இணைப்புத் திசு அதிகம், அது இளக நேரம் வேண்டும். நண்டில் அது குறைவு, நேரம் வேண்டாம். கால் கிலோ அளவுள்ள முழு நண்டுக்கு ஆவியில் 10 முதல் 12 நிமிடம். பிரித்தெடுத்த கால்களுக்கு அதில் பாதி. ஓடு முழுக்கச் சிவந்து, உடைத்துப் பார்த்தால் சதை கண்ணாடித்தன்மை போய் வெண்மையாக இருந்தால் அடுப்பை அணைக்கலாம். குழம்பில் அரை மணி நேரம் கொதித்த கொடுக்குச் சதை நார் நாராகப் பிரிவது மீனவர் குற்றமல்ல, கடிகாரத்தின் குற்றம்.

பட்டு மட்டும் ஏன் கொதிநீருக்குக் கலங்குவதில்லை? புழு நூற்கும் இழையில் இரண்டு புரதங்கள் உண்டு. மேலே பூசினாற்போல் இருக்கும் செரிசின் என்ற பசை, கச்சாப் பட்டின் எடையில் ஏறக்குறைய கால் பங்கு. சோப்பு கலந்த சூடான நீரில் அது கரைந்து போகும். அது போன பிறகுதான் பட்டுக்கு மினுமினுப்பும் மென்மையும் வரும், சாயமும் சீராக ஏறும். உள்ளே இருக்கும் ஃபைப்ரோயின் அந்தக் கொதியிலும் அசையாது. அதன் சங்கிலிகள் தாள்களாக அடுக்கி, படிகங்களாக இறுகியிருக்கின்றன. அப்படி நெருக்கமாக அடுக்க வேண்டுமானால் மிகச் சிறிய அமினோ அமிலங்கள் தேவை. ஃபைப்ரோயினில் ஏறக்குறைய 45 சதவீதம் கிளைசின், 30 சதவீதம் அலனின்.

இந்த இரண்டு பெயரையும் நினைவில் வைத்துக்கொள்ளுங்கள். நண்டுச் சதையின் இனிப்புக்குக் காரணமும் இதே கிளைசின், இதே அலனின்தான். பட்டில் அவை சங்கிலியாகக் கோத்து இறுகிக் கிடக்கின்றன, நாக்குக்கு ஒரு சுவையும் இல்லை. நண்டுக் காலில் அவை தனித்தனியாக நீரில் கரைந்து உலவுகின்றன, நாக்குக்கு இனிக்கின்றன. கிளைசினைக் கண்டுபிடித்தவர் பிரான்ஸின் நான்சி நகரத்து வேதியியலாளர் ஹென்றி பிரகோனோ. 1820இல் ஜெலட்டினை அமிலத்தில் கொதிக்கவைத்தபோது கிடைத்த படிகம் இனித்ததால், அதை ஒரு வகைச் சர்க்கரை என்றே நினைத்தார். ஒன்பது ஆண்டுகளுக்கு முன் காளானிலிருந்து கைட்டினை முதலில் பிரித்தெடுத்தவரும் இவரே. நண்டின் ஓட்டையும் அதற்குள்ளிருக்கும் இனிப்பையும் அறிவியலுக்கு அறிமுகப்படுத்தியவர் ஒரே மனிதர், அதுவும் நண்டைத் தொடாமலே!

நண்டு ஏன் இவ்வளவு கிளைசினைச் சுமக்கிறது? கடல்நீரில் சுமார் 3.5 சதவீதம் உப்பு. அந்த உப்பு, செல்லுக்குள் இருக்கும் நீரை வெளியே இழுக்கப் பார்க்கும். செல்லுக்குள்ளும் அதே அளவு உப்பை நிரப்பினால் புரதங்கள் வேலை செய்யாது. அதனால் புரதங்களைத் தொந்தரவு செய்யாத சிறு மூலக்கூறுகளை நிரப்பி நண்டு ஈடுகட்டுகிறது. கிளைசின் அவற்றில் முக்கியமானது. வயல் நண்டுக்கு இந்தக் கட்டாயம் இல்லை, கடல் நண்டின் இனிப்பும் இல்லை. ஜப்பானிய உணவு விஞ்ஞானிகள் 1980களின் தொடக்கத்தில் பனி நண்டின் வேகவைத்த கால் சதைச் சாற்றில் உள்ள பொருள்களைப் பட்டியலிட்டு, ஒவ்வொன்றாக நீக்கிச் சுவைத்துப் பார்த்தார்கள். கிளைசினை எடுத்தால் இனிப்பு குறைந்தது. வியப்பு என்னவென்றால், சோடியத்தை எடுத்தபோதும் இனிப்பு சரிந்தது, நண்டுச் சுவையே மங்கியது. உப்பில்லாமல் நண்டு இனிக்காது.

இப்போது ரசத்துக்கு வரலாம். இனிப்பு நீரில் கரைந்து நிற்கும் பொருள் என்பதால் ஒரே நண்டுக்கு இரண்டு நேர்மாறான சமையல் முறைகள் கிடைக்கின்றன. கொடுக்கையும் தடித்த கால்களையும் சதையாகச் சாப்பிட வேண்டுமா? உடைக்காமல், ஓட்டோடு, ஆவியில் வேகவையுங்கள். தண்ணீரில் போடுவதானால் தாராளமாக உப்பிடுங்கள். வெந்த பிறகு உடையுங்கள். மெலிந்த கால்களுக்கு எதிர்மாறாகச் செய்ய வேண்டும். அவற்றை அம்மியில் நசுக்கி, கொஞ்சம் எண்ணெயில் மணம் வரும்வரை வதக்கி, தண்ணீர் ஊற்றிக் கொதிக்கவிட்டு, துணியில் வடிகட்டினால் சதையாக எடுக்க முடியாததெல்லாம் சாறாக வந்துவிடும். வதக்கும்போது அமினோ அமிலங்களும் சிறிதளவு சர்க்கரைகளும் சேர்ந்து வறுபட்ட மணத்தைத் தருகின்றன. ஊற்றிய நீரில் அது கிடைக்காது, அதனால் தண்ணீருக்கு அவசரப்பட வேண்டாம். மிளகு, சீரகம், பூண்டு, சிறிது புளி பிறகு வரட்டும்.

வாங்கும்போது கவனிக்க வேண்டியது எடை. அமாவாசையில் நண்டு சதைப்பற்றாக இருக்கும், பௌர்ணமியில் காலியாக இருக்கும் என்பார்கள். நான் கையை நம்புவேன். ஓடு கழற்றிய நண்டு உடனே நீரை உறிஞ்சி ஊதிப் பெரிதாகும். அந்தப் புதிய ஓட்டைச் சதையால் நிரப்ப அதற்கு வாரக்கணக்கில் ஆகும். அதுவரை அது தண்ணி நண்டு: பார்க்கப் பெரிது, கையில் லேசு. ஒரே அளவுள்ள இரண்டில் கனமானதை எடுங்கள். காலை அழுத்தினால் அமுங்கக் கூடாது. செத்து நேரமான நண்டில் செரிமானச் சுரப்பியின் நொதிகள் தசையையே கரைக்கத் தொடங்கிவிடும். கடலிலிருந்து தள்ளியிருக்கும் ஊரில் ஐஸ் இதனால்தான் அத்தனை முக்கியம். அமோனியா வாடை அடித்தால் விலை எவ்வளவு குறைவானாலும் வேண்டாம்.

உயிர் நண்டு கிடைத்தால் நேரே கொதிநீரில் போடாதீர்கள். அதிர்ச்சியில் அது தன் கால்களைத் தானே உதறிவிடும்; அடிப்பகுதியில் அதற்கென்றே ஒரு முறிவுக் கோடு இருக்கிறது. அதைவிட முக்கியமான காரணம், நண்டு வலியை உணர்கிறது என்பதற்குச் சான்றுகள் சேர்ந்திருக்கின்றன. பிரிட்டன் 2022இல் இயற்றிய விலங்குநலச் சட்டம் நண்டையும் இறாலையும் உணர்வுள்ள உயிர்களாக ஏற்றிருக்கிறது. ஐஸ் நீரில் அசைவு முழுதும் அடங்கும்வரை வைத்து, பிறகு விரைவாக வெட்டுங்கள்.

வயல் நண்டு சமைக்கும் வீட்டாருக்கு ஓர் எச்சரிக்கை. நன்னீர் நண்டுகளில் நுரையீரல் தட்டைப்புழுவின் இளநிலை தங்கலாம். மணிப்பூர் உள்ளிட்ட வடகிழக்கு மாநிலங்களில் இதனால் வரும் நோய் நன்கு பதிவாகியிருக்கிறது. அரைவேக்காடு கூடவே கூடாது. நண்டு ஒவ்வாமை உள்ளவர்களுக்கு எவ்வளவு வேகவைத்தாலும் பயனில்லை. அதற்குப் பெரும்பாலும் காரணமான ட்ரோப்போமயோசின் கொதியைத் தாங்கும் புரதம். ரசத்திலும் அது இருக்கும்.

சாப்பிட்டு முடித்த பிறகு ஓடு மிஞ்சும். கொச்சியிலுள்ள மத்திய மீன்வளத் தொழில்நுட்ப நிறுவனம், இறால், நண்டு ஓட்டுக் கழிவிலிருந்து கைட்டினையும் கைட்டோசானையும் எடுக்கும் முறைகளை உருவாக்கியிருக்கிறது. கைட்டோசான் ரத்தப்போக்கை நிறுத்தும் கட்டுகளில் பயன்படுகிறது. பட்டு அறுவைத் தையல் நூலாகப் பயன்படுகிறது. வீட்டில் அவ்வளவு வசதி இல்லாவிட்டாலும் ஒன்று செய்யலாம். கழுவிய கால் ஓடு ஒன்றைக் கண்ணாடி டம்ளரில் வினிகர் ஊற்றிப் போட்டு, பிள்ளைகளைப் பக்கத்தில் உட்கார வையுங்கள். சுண்ணாம்பு கரைந்து கார்பன் டை ஆக்சைடு குமிழ் குமிழாக வரும். வினிகரை மாற்றி மாற்றி ஓரிரு நாள் விட்டால் ஓடு விறைப்பு இழந்து விரலில் வளையும். மிஞ்சியிருப்பது கைட்டினும் புரதமும். பட்டுப்புழுவின் தோலும் அதே பொருள்களால் ஆனது என்று அப்போது அவர்களிடம் சொல்லுங்கள்.